தெருவை விழுங்கும் சாய்தளம், படிக்கட்டு, கொட்டகை: ஊராட்சியில் யாரிடம் போவது?

வேப்பந்தெரு | 2025 ஜூன் 9

எங்கள் ஊர் கிராம ஊராட்சி. நகராட்சி எல்லை முடிந்த கையோடு தொடங்குகிறது. 1990களில் போட்ட மனைப்பிரிவு. வரைபடத்தில் தெருவின் அகலம் 23 அடி. இன்று சில இடங்களில் 12 அடி தேறினால் பெரிது. ஒரு வீட்டுக்காரர் கார் ஏற்றச் சாய்தளம் போட்டார். அதைப் பார்த்து எதிர்வீட்டுக்காரர் படிக்கட்டை வெளியே இழுத்தார். மூன்றாவது வீட்டில் தெருவின் மேலேயே தகரக் கொட்டகை. உள்ளே ஒரு மோட்டார் சைக்கிள், ஒரு கறவைப் பசு. தெருமுனையில் கட்சிக் கொடிக்கம்பங்கள், அவற்றை ஒட்டி ஒரு பிள்ளையார், மாலையானால் ஓர் இட்லித் தள்ளுவண்டி. போன மாதம் 108 வண்டி உள்ளே நுழைய முடியாமல் முனையிலேயே நின்றுவிட்டது. நோயாளியை நாற்காலியில் உட்காரவைத்துத் தூக்கிச் சென்றோம்.

ஒன்றிய அலுவலகத்தில் "அளவெல்லாம் தாலுகா அலுவலகம்தான்" என்கிறார்கள். தாலுகா அலுவலகத்தில் "தெரு ஊராட்சியுடையது, அங்கே கேளுங்கள்" என்கிறார்கள். தலைவர், வார்டு உறுப்பினர் எல்லோருடைய பதவிக்காலமும் ஜனவரியோடு முடிந்துவிட்டது. இப்போது தனி அலுவலர்தான். யாரிடம் என்ன மனு கொடுக்க வேண்டும்? அண்டை வீட்டுக்காரர்களோடு ஜென்மப் பகை வராமல் முடிக்க வழி உண்டா?

மிளகாய்ப்பொடி | ஜூன் 9

வழியே கிடையாது. மனு கொடுத்தால் உங்கள் பெயர் அன்று மாலையே அந்த வீட்டுக்குப் போய்விடும். நேரே உயர் நீதிமன்றத்தில் பொதுநல வழக்குப் போடுங்கள். மற்றதெல்லாம் காலவிரயம்.

சங்கிலி | ஜூன் 10

நான் நில அளவைத் துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். மிளகாய்ப்பொடி சொல்வதுபோல் நேரே உயர் நீதிமன்றம் போனவர்கள் பலரைப் பார்த்திருக்கிறேன். "வட்டாட்சியர் அளந்து, இருதரப்பையும் விசாரித்து முடிவெடுக்கவும்" என்று ஓர் உத்தரவை வாங்கிக்கொண்டு மறுபடி அதே தாலுகா அலுவலகத்துக்குத்தான் வருவார்கள். எனவே அளவிலிருந்தே தொடங்குங்கள்.

முதலில் அந்தத் தெரு யாருடையது என்று பாருங்கள். இரண்டு அலுவலகங்களும் சொன்னது பாதிப் பாதி உண்மை. 1994ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டப்படி ஊராட்சிப் பொதுச் சாலைகள் ஊராட்சியின் பொறுப்பில் இருக்கின்றன. அவற்றில் ஆக்கிரமிப்பு இருந்தால் கிராம நிர்வாக அலுவலர் அறிக்கை தர வேண்டும் என்று அதே சட்டத்தின் 131ஆம் பிரிவு சொல்கிறது. புறம்போக்கிலிருந்து ஆளை வெளியேற்ற வருவாய்த் துறை கையில் எடுப்பது அதைவிடப் பழைய சட்டம்; 1905ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டம். ஊராட்சி கேட்க வேண்டும், வருவாய்த் துறை அளந்து காட்ட வேண்டும். இருவரையும் ஒரே நாளில் ஒரே இடத்தில் நிற்க வைப்பதுதான் உங்கள் வேலை.

சர்வே எண்ணை எடுத்துக்கொண்டு அ-பதிவேட்டையும் (நிலம் யார் பெயரில், என்ன வகை என்று சொல்லும் கிராமக் கணக்கு) புலப்படத்தையும் (அந்த எண்ணின் அளவு வரைபடம்) பாருங்கள். இரண்டும் இணையத்திலேயே கிடைக்கும். அ-பதிவேட்டில் "சர்க்கார் புறம்போக்கு" என்று போட்டு, குறிப்பில் பாதை, வண்டிப்பாதை, தெரு என்று ஏதாவது இருந்தால் வேலை எளிது. பழைய புலப்படமாக இருந்தால் அளவுகள் லிங்க் கணக்கில் இருக்கும். ஒரு சங்கிலி 66 அடி, அதில் 100 லிங்க். லிங்க்கை அடி என்று நினைத்துக்கொண்டு அண்டை வீட்டுக்காரரிடம் சண்டைக்குப் போனவர்கள் உண்டு, நீங்கள் போய்விடாதீர்கள்.

மனைப்பிரிவுத் தெரு என்கிறீர்கள். அங்கேதான் சிக்கல். மனை போட்டவர் தெருக்களை ஊராட்சிக்குத் தானப் பத்திரம் எழுதிக் கொடுத்திருக்க வேண்டும். பல பழைய மனைப்பிரிவுகளில் அதைச் செய்யாமலே மனைகளை விற்றுவிட்டுப் போய்விட்டார்கள். அப்படியானால் பதிவேட்டில் உங்கள் தெரு இன்னும் யாரோ ஒருவரின் பட்டா நிலமாகவே இருக்கும். வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தால் தானப் பத்திரம் பதிவாகியிருக்கிறதா என்று தெரிந்துவிடும்.

வேப்பந்தெரு | ஜூன் 17

நன்றி ஐயா. வில்லங்கச் சான்று எடுத்துவிட்டேன். தெருக்களும் பூங்கா இடமும் ஊராட்சிக்குத் தானமாக எழுதப்பட்டிருக்கின்றன. ஆனால் அ-பதிவேட்டில் இன்னும் மனை போட்டவரின் பெயரே இருக்கிறது.

சங்கிலி | ஜூன் 17

பத்திரம் இருக்கிறது என்றால் பயமில்லை. பதிவேட்டைத் திருத்தக் கேட்டு ஊராட்சி சார்பில் வட்டாட்சியருக்குத் தனியாக ஒரு கடிதம் போக வேண்டும். திருத்தம் வந்த பிறகுதான் அளப்பேன் என்று யாராவது சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். அங்கீகரிக்கப்பட்ட மனைப்பிரிவு வரைபடத்தை வைத்தே அளக்கலாம்.

கோர்ட்டு வாசல் | ஜூன் 18

வக்கீல் அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருக்கிறேன். நடைமுறையைச் சொல்கிறேன்.

மனுவை வட்டார வளர்ச்சி அலுவலருக்கும் வட்டாட்சியருக்கும் ஒரே நாளில் கொடுங்கள். ஒன்றியத்தில் இரண்டு வட்டார வளர்ச்சி அலுவலர்கள் இருப்பார்கள். உங்களுக்குரியவர் கிராம ஊராட்சிகளைப் பார்ப்பவர். ஒவ்வொரு மனுவிலும் மற்றவருக்கு நகல் அனுப்பியதைக் குறிப்பிடுங்கள். ஆக்கிரமிப்புப் புகார்களை வட்டாட்சியர் மட்டத்திலிருந்து விசாரிக்க வருவாய்த் துறையின் 540ஆம் எண் அரசாணை இருக்கிறது, தேதி 2014 டிசம்பர் 4. மனுவில் அதைக் குறிப்பிட்டால் "இது எங்கள் வேலை இல்லை" என்பது கொஞ்சம் குறையும். கையில் வாங்காவிட்டால் பதிவுத் தபால். திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகக் குறைதீர் நாளில் கொடுத்தால் மனுவுக்கு ஓர் எண் கிடைக்கும். அந்த எண்தான் பிறகு பேசும்.

பதில் வராவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். கட்டணம் 10 ரூபாய், பதிலுக்கு 30 நாள். "ஏன் எடுக்கவில்லை" என்று கேட்காதீர்கள். அதற்குப் பதில் சொல்ல அவர்கள் கடமைப்பட்டவர்கள் அல்லர். "இன்ன தேதியிட்ட மனுமீது எடுத்த நடவடிக்கையின் கோப்பு நகல்" என்று கேளுங்கள். கோப்பே இல்லை என்றால் அந்தக் கடிதத்துக்குப் பிறகு ஒரு கோப்பு பிறக்கும்.

ஆம்புலன்ஸ் நுழையவில்லை என்றீர்களே, அதற்குத் தனி வழி இருக்கிறது. பொதுப் பாதையை மறிக்கும் தடையை அகற்ற நிபந்தனை உத்தரவு போடும் அதிகாரம் கோட்டாட்சியருக்கு உண்டு. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 133ஆம் பிரிவு. 2024 ஜூலை முதல் பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவில் 152. பலரும் இதை மறந்துவிட்டு உரிமையியல் வழக்குக்கு ஓடுகிறார்கள்.

வெள்ளைச்சட்டை | ஜூன் 18

எல்லாம் சரி. முதலில் அந்தத் தள்ளுவண்டியை எடுங்கள். முனையில் கூட்டம் சேர்வதே அதனால்தான். அதை எடுத்தாலே பாதிப் பிரச்சினை தீரும்.

இட்லிக்கடை மகள் | ஜூன் 19

எங்கே ஆக்கிரமிப்பு என்றாலும் முதலில் தள்ளுவண்டியிடம்தான் வருவீர்கள். ஏனென்றால் அதற்குச் சக்கரம் இருக்கிறது; எதிர்த்துப் பேசினால் அடுப்பையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டு போகலாம். சிமென்ட் சாய்தளத்துக்குச் சக்கரம் கிடையாது, அதன் உரிமையாளருக்கு வாய் உண்டு.

என் அம்மா இருபது ஆண்டுகளாகத் தள்ளுவண்டி வைத்துத்தான் என்னைப் படிக்க வைத்தார். மாலை ஐந்து முதல் ஒன்பது வரை நிற்கும் வண்டியையும், இரவும் பகலும் நிற்கும் கொட்டகையையும் ஒரே பட்டியலில் எழுதுவது என்ன நியாயம்? நகரங்களில் 2014ஆம் ஆண்டின் தெருவோர வியாபாரிகள் சட்டம் இருக்கிறது. நகர விற்பனைக் குழுவில் 40 விழுக்காடு வியாபாரிகளே இருக்க வேண்டும், அவர்களில் மூன்றில் ஒரு பங்கு பெண்கள். கணக்கெடுப்பு முடியாமல் யாரையும் அகற்றக்கூடாது. வேறு இடத்துக்கு மாற்ற 30 நாள் நோட்டீஸ். சட்டம் நகரங்களை மனத்தில் வைத்து எழுதப்பட்டது. ஊராட்சியில் விற்பவர்களுக்கு அந்தக் குழுவும் இல்லை, அடையாள அட்டையும் இல்லை. அதற்காக அவர்களிடம் ஒரு வார்த்தை கேட்காமல் எடுத்துவிடலாமா?

கோர்ட்டு வாசல் | ஜூன் 19

மகள் கேட்பது சரியான கேள்வி. 1985இல் பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கில் உச்ச நீதிமன்றம் இரண்டையும் சேர்த்தே சொன்னது. நடைபாதையில் குடியிருக்க யாருக்கும் உரிமை இல்லை; ஆனால் முன்னறிவிப்புக் கொடுத்து அவர்கள் தரப்பைக் கேட்க வேண்டும். முதல் பாதியை மட்டும் மேற்கோள் காட்டுபவர்களிடம் ஜாக்கிரதை.

வெள்ளைச்சட்டை | ஜூன் 19

அப்படியானால் இடிக்கும் முன் எல்லோருக்கும் 15 நாள் நோட்டீஸ் கட்டாயம் என்று போன ஆண்டு உச்ச நீதிமன்றம் சொன்னதே? அந்தக் கொட்டகைக்காரர் அதைப் பிடித்துக்கொள்ள மாட்டாரா?

கோர்ட்டு வாசல் | ஜூன் 20

2024 நவம்பர் 13 தீர்ப்பைச் சொல்கிறீர்கள். அந்த 15 நாள் விதி சாலை, தெரு, நடைபாதை, ரயில் பாதை ஓரம், ஆறு, நீர்நிலை ஆகியவற்றில் உள்ள அனுமதியற்ற கட்டுமானங்களுக்குப் பொருந்தாது என்று அந்தத் தீர்ப்பிலேயே எழுதியிருக்கிறது. அதற்காக நோட்டீஸே வேண்டாம் என்று அர்த்தமில்லை. 1905 சட்டத்தில் 6ஆம் பிரிவின்படி வெளியேற்றும் முன் 7ஆம் பிரிவின்படி நோட்டீஸ் தர வேண்டும். ஜேசிபியை முதலில் அனுப்பிவிட்டு நோட்டீஸைப் பின்னால் அனுப்பும் அதிகாரிகளால்தான் ஆக்கிரமிப்பாளர்களுக்குத் தடையாணை கிடைக்கிறது. நடைமுறைப்படி அகற்றக் கேட்பது அவருக்குக் காட்டும் சலுகை அல்ல, உங்கள் மனுவுக்குப் போடும் காப்பு.

இன்னொன்று. "எனக்கு பி மெமோ இருக்கிறது, வீட்டு வரி ரசீது இருக்கிறது, மின் இணைப்பு இருக்கிறது" என்று ஒரு கட்டுக் காகிதம் வரும். பி மெமோ என்பது நீ ஆக்கிரமித்திருக்கிறாய் என்று அரசு எழுதி வைத்த குற்றக் குறிப்பு. அதைக் கண்ணாடிச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டி வைத்தவரைக்கூடப் பார்த்திருக்கிறேன்.

மேட்டுத்தெரு | ஜூன் 21

சாய்தளம் போட்டவர்களில் நானும் ஒருவன். எங்கள் தரப்பையும் கேளுங்கள். நான் வீடு கட்டியபோது தெரு என் வாசலுக்கு ஒன்றரை அடி கீழே இருந்தது. சாலை போடும்போதெல்லாம் பழையதைச் சுரண்டாமல் அதன் மேலேயே போட்டார்கள். இன்று என் வாசல் தெருவுக்குக் கீழே. மழை பெய்தால் தெருத் தண்ணீர் கூடத்துக்கு வருகிறது. வாசலை உயர்த்தினேன், உயர்த்தினால் வண்டி ஏற்றச் சாய்தளம் வேண்டும். பழைய சாலையைச் சுரண்டி எடுத்துவிட்டுத்தான் புதிது போட வேண்டும் என்று 2021இல் தலைமைச் செயலாளரே அறிவுறுத்தினார். எங்கள் தெருவில் அதற்குப் பிறகும் மேலேதான் போட்டார்கள். தெருவைத் திருடும் ஆசை எனக்கு இல்லை. இவர்கள் மட்டத்தை இறக்கட்டும், சாய்தளத்தை நானே உடைக்கிறேன்.

சங்கிலி | ஜூன் 21

மேட்டுத்தெரு சொல்வது நூற்றுக்கு நூறு உண்மை. சாய்தளங்களில் பாதி ஒப்பந்தக்காரர் செய்த வேலை. சாய்தளத்தை வீட்டு எல்லைக்கு உள்ளே தொடங்கும்படி மாற்றிக் கட்டலாம், அல்லது வண்டி வரும்போது போட்டு எடுக்கும் இரும்புத் தகடு வைக்கலாம். மழைநீர் வடிகாலை மூடிக் கட்டியிருந்தால் மட்டும் சமாதானமே கிடையாது. அதை உடைத்தே ஆக வேண்டும்.

வார்டு எட்டு | ஜூன் 23

ஐந்து ஆண்டுகள் வார்டு உறுப்பினராக இருந்தேன். ஊராட்சி ஏன் மெத்தனமாக இருக்கிறது என்று கேட்பவர்களுக்குச் சொல்கிறேன். ஒரு தெருவில் எடுத்தால் "அடுத்த தெருவில் உங்கள் பங்காளி வீட்டில் எடுத்தீர்களா" என்பார்கள். அந்தக் கேள்விக்கு எந்தத் தலைவரிடமும் பதில் இருக்காது. எனவே ஒரு வீட்டின் மேல் புகார் எழுதாதீர்கள். தெருவின் தொடக்கம் முதல் முடிவு வரை முழுவதையும் அளந்து எல்லைக்கல் நடக் கேட்டு எழுதுங்கள். புகார் கொடுத்தவர், கொடுக்கப்பட்டவர் என்ற பேச்சு அதோடு போய்விடும். அதிகாரிக்கும் அது வசதி.

அந்தக் கோரிக்கையைக் கிராம சபையில் தீர்மானமாக ஏற்றுங்கள். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 என்று ஆண்டுக்கு ஆறு முறை கூடுகிறது. தனி அலுவலர் காலத்திலும் கிராம சபை உண்டு. தனி அலுவலர் இருப்பது ஒரு வகையில் உங்களுக்கு நல்லதுதான். ஓட்டுக் கேட்டு அந்த வீட்டுக்குப் போக வேண்டிய அவசியம் அவருக்கு இல்லை. தீர்மானத்தைப் பதிவேட்டில் எழுதும்வரை அங்கேயே உட்கார்ந்திருங்கள். கூட்டம் கலைந்த பிறகு எழுதப்படும் தீர்மானங்கள் வேறு மாதிரி இருக்கும்.

வெள்ளைச்சட்டை | ஜூன் 23

பிள்ளையாரையும் கொடிக்கம்பத்தையும் எல்லோரும் நைசாகத் தாண்டிப் போகிறீர்கள்.

தாமிரபரணி | ஜூன் 24

தாண்டவில்லை. பொதுத் தெருவில், பூங்காவில் கோயில், மசூதி, தேவாலயம் என்ற பெயரில் புதிதாக எதையும் கட்டவிடக் கூடாது என்று 2009 செப்டம்பர் 29இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. ஏற்கெனவே இருப்பவற்றை மாநில அரசு ஒவ்வொன்றாக ஆராய்ந்து முடிவெடுக்க வேண்டும். 2018இல் அதைக் கண்காணிக்கும் பொறுப்பு உயர் நீதிமன்றங்களுக்குப் போனது.

ஆனால் பிள்ளையார் விவகாரம் நீதிமன்ற உத்தரவால் மட்டும் முடிந்து நான் பார்த்ததில்லை. எங்கள் பக்கம் சாலை விரிவாக்கத்தில் ஒரு சுடலைமாடன் பீடம் குறுக்கே வந்தது. வட்டாட்சியர் சமாதானக் கூட்டம் போட்டார். பூசாரியையும் கோயிலுக்கு வரி கொடுக்கும் வரிக்காரர்களையும் உட்கார வைத்துப் பேசினார்கள். மாற்று இடத்தை முதலில் காட்டினார்கள், பிறகுதான் எடுப்பதைப் பற்றிப் பேச்சே வந்தது. பாலாலயம் (சாமியைத் தற்காலிகமாக வேறிடத்தில் வைக்கும் சடங்கு) செய்து, நாள் பார்த்து மாற்றினார்கள். காவலுக்கு வந்த போலீஸ்காரர்களும் பொங்கல் வாங்கிச் சாப்பிட்டுவிட்டுத்தான் போனார்கள்.

கொடிக்கம்பம் இதைவிடக் கடினம், ஏனென்றால் கட்சிக்குப் பாலாலயம் கிடையாது. பொது இடங்களில் உள்ள கட்சி, சாதி, மத அமைப்புகளின் கொடிக்கம்பங்களை 12 வாரத்தில் அகற்ற இந்த ஜனவரி 27இல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டது. மார்ச் மாதம் இரு நீதிபதிகள் அமர்வும் அதை உறுதி செய்தது. அதன் பிறகும் மேல்முறையீடு, எதிர்ப்பு என்று விவகாரம் ஓய்ந்தபாடில்லை. எடுத்தால் எல்லாக் கட்சிக் கம்பங்களையும் ஒரே நாளில் எடுக்க வேண்டும். ஒன்றை மட்டும் எடுத்தால் அன்று இரவே சாலை மறியல்.

நெறியாளர் | ஜூன் 24

ஊர்ப் பெயர், கட்சிப் பெயர், வீட்டுப் புகைப்படம் எதையும் இங்கே போட வேண்டாம். இரண்டு பதிவுகளை நீக்கியிருக்கிறேன்.

வேப்பந்தெரு | ஆகஸ்ட் 30

நீண்ட நாள் கழித்து வருகிறேன். வார்டு எட்டு சொன்னபடி எந்த வீட்டின் பெயரும் இல்லாமல், தெரு முழுவதையும் அளக்கக் கேட்டு மனு எழுதினோம். தெருவில் பெரும்பாலான வீடுகள் கையெழுத்துப் போட்டன, படிக்கட்டுக்காரரும் போட்டார்! ஆகஸ்ட் 15 கிராம சபையில் தீர்மானமும் ஆனது. அடுத்த வாரமே நில அளவர், கிராம நிர்வாக அலுவலர், ஊராட்சிச் செயலர் மூவரும் வந்து அளந்து கல் நட்டார்கள்.

பிள்ளையார் தெருவிலேயே இல்லை. முனை மனைக்காரரின் பட்டா நிலத்துக்குள் முழுதாக உட்கார்ந்திருக்கிறார். அந்த மனைக்காரருக்கே இது தெரியாது. கொடிக்கம்பங்களும் தள்ளுவண்டியும் நிற்பது ஊராட்சித் தெருவில் அல்ல, நெடுஞ்சாலைத் துறையின் சாலை ஓரத்தில். தெருவை உண்மையில் அடைத்திருப்பவை சாய்தளம், படிக்கட்டு, கொட்டகை மூன்றும்தான்.

கல் நட்ட அன்றே சாய்தளக்காரர் உடைத்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டார்; சாலையைச் சுரண்டிப் போட வேண்டும் என்று அவர் தனியாக மனு கொடுத்திருக்கிறார், நாங்களும் அதில் கையெழுத்திட்டோம். படிக்கட்டுக்காரர் தீபாவளி வரை அவகாசம் கேட்டிருக்கிறார். கொட்டகைக்காரர் மட்டும் "கோர்ட்டில் பார்த்துக்கொள்கிறேன்" என்கிறார்.

இட்லிக்கடை மகள் | ஆகஸ்ட் 30

அந்த இட்லிக்கார அம்மாவிடம் யாராவது பேசினீர்களா?

வேப்பந்தெரு | ஆகஸ்ட் 31

பேசினோம். திருப்பத்திலிருந்து பத்தடி தள்ளி, முனை மனைக்காரரின் சுற்றுச்சுவரை ஒட்டி நிற்கச் சம்மதித்துவிட்டார். பிள்ளையார் தன் இடத்தில்தான் இருக்கிறார் என்று தெரிந்ததும் அந்த மனைக்காரர் ரொம்பத் தாராளமாகிவிட்டார். நெடுஞ்சாலைத் துறை நாளைக்கு வந்து என்ன சொல்லும் என்பது வேறு கதை.

கோர்ட்டு வாசல் | ஆகஸ்ட் 31

கொட்டகை விஷயத்தில் தாமதிக்காதீர்கள். அவர் உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகும் முன் உங்கள் தரப்பில் கேவியட் மனு போட்டுவிடுங்கள். 90 நாள் வரை, உங்களைக் கேட்காமல் தடையாணை வராமல் அது பார்த்துக்கொள்ளும். ஊராட்சியையும் போடச் சொல்லுங்கள். நில அளவரின் அறிக்கை, வரைபடம், கிராம சபைத் தீர்மானம் மூன்றுக்கும் சான்றிட்ட நகல் இப்போதே வாங்கி வையுங்கள். 7ஆம் பிரிவு நோட்டீஸ் அவர் கையில் கொடுக்கப்பட்டதா, வாங்க மறுத்ததால் கதவில் ஒட்டப்பட்டதா என்பதும் கோப்பில் இருக்க வேண்டும்.

வார்டு எட்டு | செப்டம்பர் 1

வழக்குக்கு முன் ஒரு முறை அவரிடம் பேசிப் பாருங்கள். அவருடைய பிரச்சினை தெருவா, பசுவா? மனைக்குப் பின்னால் இடம் இருந்தால், நூறு நாள் வேலைத் திட்டத்தில் தகுதியுள்ள குடும்பங்களுக்குச் சொந்த நிலத்தில் மாட்டுக் கொட்டகை கட்டித் தருகிறார்கள். ஒன்றியப் பொறியாளரிடம் கேளுங்கள். எங்கள் வார்டில் இப்படித்தான் ஒருவர் தானாகவே பிரித்துக்கொண்டார்.

சங்கிலி | செப்டம்பர் 1

எடுத்த இடத்தைச் சும்மா விடாதீர்கள். கல்லுக்குக் கல் முழு அகலத்துக்கும் வடிகாலும் பேவர் கல்லும் போட இப்போதே மதிப்பீடு தயாரிக்கச் சொல்லுங்கள். மண்ணாகக் கிடந்தால் முதலில் ஒரு செம்பருத்தி வரும், பிறகு அதற்கு வேலி வரும்.

வேப்பந்தெரு | செப்டம்பர் 4

மனைக்குப் பின்னால் அவருக்கு அரை சென்ட் இருக்கிறது. ஆனால் பசு அங்கே போவதற்கு வழி, சாய்தளக்காரரின் பக்கவாட்டுச் சந்து மட்டும்தான். ஞாயிற்றுக்கிழமை இருவரையும் உட்காரவைத்துப் பேசப்போகிறோம்.